தானாகச் செய்கிறார்

வயதான காலத்தில் ஷரபுன்னிசா பழைய கதை பேச உட்கார்ந்தால், பேத்திகள் அவளுடைய கல்யாணத்தைப் பற்றித்தான் கேட்பார்கள். அவள் அதை இரண்டு வார்த்தையில் முடித்துவிட்டு, "நான் கைகால் விழுந்து கெடந்த வருஷம் இருக்கே" என்று ஆரம்பிப்பாள். அதைச் சொல்லும்போது முகம் மலர்ந்துவிடும். நோயைப் பற்றி ஒருத்தி இப்படிச் சிரித்துக்கொண்டு பேசுவாளா என்று பேத்திகளுக்கு ஆச்சரியமாக இருக்கும்.

அது ஐம்பத்தெட்டாம் வருஷம். நோன்புப் பெருநாள் முடிந்து சில நாட்கள்தான் ஆகியிருந்தன. திருச்சி பெரிய கடைவீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் அவர்கள் வீடு. மத்தியானச் சாப்பாட்டுக்கு அம்மியில் தேங்காய் அரைத்துக்கொண்டிருந்தவளின் கையிலிருந்து குழவி நழுவியது. கை மரத்துப்போயிற்று என்று நினைத்தாள். எழுந்திருக்கப் பார்த்தபோது வலது காலும் வரவில்லை. கூப்பிட வாயைத் திறந்தால் சொல் கோணலாக வந்தது.

கூடத்தில் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்திருந்த அவள் புருஷன் அப்துல் சலாம், சோறு வரவில்லையே என்று கனைத்துப் பார்த்துவிட்டு, எரிச்சலோடு அடுப்படிக்குள் வந்தார். கல்யாணமான நாளிலிருந்து அவர் அந்த அறைக்குள் கால் வைத்தது அன்றுதான் முதல் தடவை. சுவரில் சாய்ந்து கிடந்தவளைப் பார்த்ததும் "ஷரபு!" என்று கத்தினார். அவர் வாயிலிருந்து அவள் பெயர் வந்ததும் அன்றுதான். அதுவரை அவள் அவருக்கு "இந்தா" தான்.

அப்துல் சலாமுக்குக் கடைவீதியில் தகரப் பெட்டிக் கடை. கல்யாணப் பெண்களுக்குச் சீராகக் கொடுக்கிற டிரங்குப் பெட்டிகளைத் தானே தட்டி, ஒட்டி, வர்ணம் பூசி விற்பார். கடையில் கலகலப்பாகப் பேசுகிற மனிதர். வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போது பேச்சையும் கழற்றி வைத்துவிடுவார். கெட்டவர் இல்லை. அடித்தது இல்லை, திட்டியது இல்லை. சாப்பிட்டார், தொழுதார், படுத்தார். அவ்வளவுதான். மகன் அப்துல் மாலிக் பினாங்குக்கு வேலைக்குப் போய்விட்டான். மகள் ஆரிஃபாவைப் புதுக்கோட்டையில் கொடுத்திருந்தார்கள்.

ஆரிஃபா கைக்குழந்தையோடு ஓடிவந்து அம்மாவைக் கவனித்துக்கொண்டாள். சில வாரங்களில் வாய்க் கோணல் சரியாகிவிட்டது. வலது கையும் காலும் மட்டும் வேறு யாருடையதோ போலக் கிடந்தன. பார்த்துக்கொண்டிருந்த டாக்டர், மிஷன் ஆஸ்பத்திரியில் புதிதாகப் பயிற்சி அறை ஒன்று திறந்திருக்கிறார்கள் என்றார். வெள்ளைத் துப்பட்டியைப் போர்த்தி, ஜட்கா வண்டியில் ஏற்றி அவளை அங்கே கூட்டிப் போனார்கள்.

அந்த அறையில் பிடித்து நடக்க இரண்டு மூங்கில் கழிகள், கப்பியில் தொங்கும் கயிறு, ஏறி இறங்கிப் பழகுவதற்காக எங்கும் போகாத ஒரு சிறு படிக்கட்டு. அறைக்குப் பொறுப்பானவள் பேட்ரிசியா. பொன்மலை ரயில்வே குவார்ட்டர்ஸில் வளர்ந்த ஆங்கிலோ இந்தியப் பெண். அப்பா எஞ்சின் டிரைவர். பம்பாய்க்குப் போய் இந்த வேலையைப் படித்துவிட்டு வந்திருந்தாள். கவுன் போட்டுக்கொண்டு சைக்கிளில் வருவாள். தமிழை ஆயாவிடம் கற்றதால் வேகமாகவும் உரிமையாகவும் பேசுவாள்.

முதல் நாள் அவள் ஒரு அச்சடித்த தாளை எடுத்து வைத்துக்கொண்டாள்.

"உங்களால என்னென்ன முடியும், என்னென்ன முடியலைன்னு முதல்ல அளந்து பாக்கணும். அப்பத்தான் மாசா மாசம் எவ்வளவு தேறியிருக்கீங்கன்னு தெரியும். நான் கேக்கறேன், நீங்க சொல்லுங்க. பூட்ஸ் கயிறு கட்ட முடியுமா?"

ஷரபுன்னிசா மகளைப் பார்த்தாள். "நான் எந்தக் காலத்துல பூட்ஸ் போட்டேன்?"

"சரி, விடுங்க. கத்தி, முள்ளு பிடிச்சு சாப்பிட முடியுமா?"

"மீன் முள்ளா? அதை இடது கையாலயே எடுத்துருவேன்."

பேட்ரிசியா சத்தம் போட்டுச் சிரித்தாள். அந்தத் தாள் வெளிநாட்டிலிருந்து வந்தது. தொட்டிக்குள் இறங்கிக் குளிப்பது, நாற்காலியிலிருந்து எழுவது, டெலிபோன் பேசுவது என்று போய்க்கொண்டிருந்தது. அவள் பேனாவை எடுத்து எல்லாவற்றையும் குறுக்காக அடித்தாள்.

"இது ஆகாது. நீங்களே சொல்லுங்கம்மா. காலையில எழுந்ததுலேருந்து படுக்கற வரைக்கும் நீங்க கையால என்னென்ன செய்வீங்க?"

யாரும் அவளிடம் அதைக் கேட்டதில்லை. ஷரபுன்னிசா யோசித்து யோசித்துச் சொன்னாள். பாங்கு சொல்வதற்கு முன்னால் எழுந்து கிணற்றில் தண்ணீர் இறைப்பாள். தொழுகைக்குக் கைகால் முகம் கழுவி ஒளுச் செய்வாள். தொழுகையில் குனிந்து, மண்டியிட்டு, தரையில் நெற்றியை வைத்து எழுவாள். அடுப்புப் பற்றவைப்பாள். மாவு பிசைவாள், மசாலா அரைப்பாள், துணி பிழிந்து கொடியில் போடுவாள். புடவைக் கொசுவம் மடிப்பாள். தலை வாரிப் பின்னுவாள். வாசல் கதவின் மேல் தாழ்ப்பாளை எட்டிப் போடுவாள். சொல்லச் சொல்ல பேட்ரிசியா தாளின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டே வந்தாள். ஓரமாக நின்றிருந்த அப்துல் சலாம் தொப்பியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டார். இவ்வளவா என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

ஒவ்வொரு வேலைக்கும் எதிரே 'தானாகச் செய்கிறார்', 'உதவியோடு செய்கிறார்', 'முடியவில்லை' என்று மூன்று குறிப்புகளில் ஒன்றை எழுதுவாள் பேட்ரிசியா. அதையும் ஆஸ்பத்திரியில் எப்படி, வீட்டில் எப்படி என்று தனித்தனியாக எழுதுவாள். அன்று இரண்டு பக்கமும் 'முடியவில்லை' என்றுதான் இருந்தது.

ஆரிஃபாவை எத்தனை நாள்தான் வைத்துக்கொள்ள முடியும்? அவள் மாமியார் ஆள் அனுப்பிவிட்டாள். சமையலுக்கும் குளிப்பாட்டுவதற்கும் காளியாயி என்று ஒருத்தி காலையில் வந்து போனாள். மற்ற நேரமெல்லாம் அந்த வீட்டில் அவர்கள் இருவர் மட்டும்தான்.

அப்துல் சலாம் மத்தியானமே கடையை மூடிவிட்டு வர ஆரம்பித்தார். இடது கையால் சாப்பிட ஷரபுன்னிசாவுக்கு மனம் வரவில்லை. அவரே சோற்றைப் பிசைந்து ஊட்டினார். முதலில் பெரிய பெரிய உருண்டையாக, வாய் கொள்ளாமல். பிறகு அளவு தெரிந்துகொண்டார். சாயந்திரம் டீ போட்டார். முதல் வாரத்து டீயை மனிதர்கள் குடிக்க முடியாது. இரண்டாவது வாரம் இஞ்சி தட்டிப் போடக் கற்றுக்கொண்டார்.

தலை வாருவதுதான் பெரிய கூத்து. தகரத்தை வளைத்துப் பழகிய கை, சிக்கு எடுக்கத் தெரியாமல் இழுக்கும். அவள் "ஸ்ஸ்" என்றால் சீப்பை அப்படியே தலையில் விட்டுவிட்டுக் கையை எடுத்துக்கொள்வார். போகப் போக நுனியிலிருந்து வார வேண்டும் என்று கண்டுகொண்டார். வாரிக்கொண்டே பேசுவார். இன்றைக்கு லால்குடியிலிருந்து ஒரு குடும்பம் பெட்டி வாங்க வந்தது, பெண்ணுக்குப் பச்சை பிடிக்கிறது, மாமியாருக்குச் சிவப்புதான் வேண்டுமாம், நீ என்ன சொல்கிறாய் என்பார்.

"பொண்ணுதானே தொறந்து தொறந்து மூடப் போறா? பச்சையே குடுங்க" என்பாள் அவள்.

மறுநாள் வந்து, "பச்சைதான் எடுத்தாங்க" என்று சொல்வார்.

முதுகுக்குப் பின்னால் அவர் குரல், தலையில் அவர் கை, முற்றத்தில் சாயந்திர வெயில். கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பதினான்கு வயதில் கட்டிக்கொண்டு வந்த மனிதரை இப்போதுதான் பழகுகிற மாதிரி இருந்தது.

ஆஸ்பத்திரியில் தேறிக்கொண்டே வந்தாள். ஆணி அடித்த பலகையில் வளையங்களைப் போட்டாள். ஈரத்துணியைப் பிழிந்தாள். எங்கும் போகாத படிக்கட்டில் ஏறி இறங்கினாள். ஒரு நாள் பேட்ரிசியா சீப்பைக் கொடுத்ததும் வலது கையாலேயே எடுத்து, உச்சந்தலை வரை தூக்கி வாரினாள். பேட்ரிசியா கை தட்டினாள். 'தானாகச் செய்கிறார்' என்று எழுதிவிட்டு, வராந்தாவில் இருந்த அப்துல் சலாமை உள்ளே கூப்பிட்டுக் கேட்டாள்.

"வீட்ல தலையை அவங்களே வாரிக்கறாங்களா பாய்?"

"இல்லம்மா. நான்தான் வாரி விடறேன். அதுக்குக் கை எங்க தூக்குது?"

"சாப்பாடு?"

"நான்தான் ஊட்டறேன்."

ஷரபுன்னிசா தரையைப் பார்த்தாள். பேட்ரிசியா அதை அப்படியே எழுதிக்கொண்டாள். அடுத்த மாதமும் அப்படியேதான் இருந்தது. ஆஸ்பத்திரிப் பக்கத்தில் எல்லாம் தானாக. வீட்டுப் பக்கத்தில் ஒன்றுகூட இல்லை. அவள் பம்பாயில் படித்தபோது இதற்கு வழி சொல்லிக் கொடுத்திருந்தார்கள். நோயாளியின் வீட்டைப் போய்ப் பார். படி உயரமோ, அடுப்பு தாழ்வோ, ஏதாவது தடங்கல் இருக்கும் என்று.

ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் சைக்கிளை சந்தில் நிறுத்திவிட்டுக் கதவைத் தட்டினாள். உள்ளே மேல் தாழ்ப்பாள் விலகும் சத்தம் கேட்டது. திறந்தது ஷரபுன்னிசா. தலையைச் சிக்கில்லாமல் வாரி, இறுக்கமாகப் பின்னி, நுனியில் ரிப்பன் முடிந்திருந்தது.

"அவர் ஜும்ஆவுக்குப் போயிருக்காரே" என்றாள், என்ன சொல்வதென்று தெரியாமல்.

"நான் உங்களைப் பாக்கத்தான் வந்தேன். பின்னல் அழகா இருக்கே. யார் போட்டது?"

ஷரபுன்னிசா பின்னலை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். பேட்ரிசியா வீட்டைச் சுற்றிப் பார்த்தாள். படி உயரமில்லை, அடுப்பு தாழ்வில்லை. கிணற்றடியில் வாளி நனைந்திருந்தது. திரும்பி வந்தபோது ஷரபுன்னிசா முற்றத்தில் உட்கார்ந்து ரிப்பனை உருவி, போட்ட பின்னலை இரண்டு கையாலும் அவிழ்த்துக்கொண்டிருந்தாள். மசூதியில் தொழுகை முடிகிற நேரம்.

"ஏம்மா அவிழ்க்கறீங்க?"

ஷரபுன்னிசாவின் கண் நிறைந்துவிட்டது. "நான் நல்லாயிட்டேன்னு தெரிஞ்சா அவர் பழையபடி ஆயிடுவாரு, மிஸ்ஸி. கடைக்குப் போவாரு, வருவாரு, தட்டுக்கு முன்னால உக்காருவாரு. இத்தனை வருஷத்துல இப்பத்தான் எங்கிட்ட பேசறாரு. இன்னும் கொஞ்ச நாள் இருந்துட்டுப் போகட்டுமேன்னு பாத்தேன்."

பேட்ரிசியா அவள் பக்கத்தில் தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். இதற்குப் பம்பாயில் எந்த வழியும் சொல்லிக் கொடுத்திருக்கவில்லை.

"ஒண்ணு சொல்றேம்மா. அவர் இல்லாத நேரத்துல ஒளிஞ்சு ஒளிஞ்சு செய்றது போதாது. நாள் முழுக்க வேலை வாங்கலைன்னா கை மறந்துடும். விரல் மடங்க ஆரம்பிச்சா அப்புறம் என்னாலயும் நிமித்த முடியாது. நான் அவர்கிட்ட சொல்ல மாட்டேன். நீங்களே சொல்லிடுங்க."

சொல்லிவிட வேண்டும் என்றுதான் இருந்தாள். இன்று சொல்லலாம் என்று நினைப்பாள். அவர் சீப்போடு வந்து உட்கார்ந்ததும் நாளைக்கு என்று தள்ளிவிடுவாள். அப்படியே ஒரு வாரம் போனது.

அந்த வாரக் கடைசியில் கடைவீதியில் ஒரு பெரிய வியாபாரி இறந்துபோனார். எல்லாரும் கடையடைத்தார்கள். அப்துல் சலாம் காலையிலேயே, கிளப்புக்கடையில் இட்லி கட்டிக்கொண்டு வீடு திரும்பினார். வாசல் கதவு சாத்தியிருந்தது, தாழிடவில்லை. கொல்லையில் ராட்டினம் கிறீச்சிடும் சத்தம். போய்ப் பார்த்தார். ஷரபுன்னிசா கிணற்றில் தண்ணீர் இறைத்து வாளியில் ஊற்றினாள். துவைத்த புடவையை முறுக்கிப் பிழிந்து உதறி, வலது கையை உயரத் தூக்கிக் கொடியில் வீசினாள். ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டே திரும்பியவள் அவரைக் கண்டாள்.

"எத்தனை நாளா?" என்று கேட்டார்.

"கொஞ்ச... கொஞ்ச நாளாவே."

அவர் இட்லிப் பொட்டலத்தைக் கிணற்றுச் சுவரில் வைத்துவிட்டு, வந்த வழியே போய்விட்டார். அன்று இரவுதான் வந்தார். தட்டுக்கு முன்னால் உட்கார்ந்தார். அவள் சோறு வைத்தாள். ஒரு வார்த்தை பேசவில்லை.

அவள் பயந்தது நடந்துவிட்டது. அப்துல் சலாம் மத்தியானம் வருவதை நிறுத்தினார். காளியாயியை வேலையிலிருந்து நிற்கச் சொல்லிவிட்டாள் ஷரபுன்னிசா. விடியலில் எழுந்து தண்ணீர் இறைத்தாள், அரைத்தாள், பிசைந்தாள், துவைத்தாள். அழுகையும் ஆத்திரமுமாகச் செய்ததில் கைக்கு வலு கூடியது. தொழுகையில் தரையில் நெற்றி வைத்து, பிடிமானம் இல்லாமல் எழுந்தாள். அவர் அதைப் பார்த்தார். பார்க்காதவர் போலப் போனார்.

ஐப்பசி பிறந்து மழை தொடங்கியிருந்த நாளில் பேட்ரிசியா மறுபடி எல்லாவற்றையும் செய்து பார்க்கச் சொன்னாள். ஆஸ்பத்திரிப் பக்கம், வீட்டுப் பக்கம், இரண்டிலும் மேலிருந்து கீழ்வரை 'தானாகச் செய்கிறார்.' அந்த அறை திறந்ததிலிருந்து இவ்வளவு நன்றாகத் தேறியவர்கள் யாருமில்லை. டாக்டரிடம் காட்ட வேண்டும் என்று சந்தோஷமாக நிமிர்ந்தவள், ஷரபுன்னிசாவின் முகத்தைப் பார்த்துப் பேனாவைக் கீழே வைத்தாள்.

"தெரிஞ்சு போச்சா?"

"தெரிஞ்சு போச்சு. பேச்சே இல்ல."

பேட்ரிசியா வெளியே வராந்தாவில் பெஞ்சில் உட்கார்ந்திருந்த அப்துல் சலாமிடம் போனாள். "பாய், இன்னும் ஒண்ணே ஒண்ணு பாக்கி இருக்கு. பஸ்ல ஏறி இறங்கணும். அதை நான் இங்க செய்ய வைக்க முடியாது. நீங்க கூட்டிட்டுப் போய்ட்டு வந்து சொல்லுங்க. கை குடுக்காதீங்க. பக்கத்துல மட்டும் இருங்க."

அவர் தலையை ஆட்டினார்.

இரண்டு நாள் கழித்து மெயின்கார்டு கேட்டில் ஸ்ரீரங்கம் பஸ்ஸுக்கு நின்றார்கள். பஸ் வந்ததும் ஷரபுன்னிசா இடது கையால் துப்பட்டியைப் பிடித்துக்கொண்டு, வலது கையால் கம்பியைப் பற்றி, நல்ல காலை முதலில் வைத்து ஏறினாள். பின்னால் நின்றவர்கள் அவசரப்படுத்தினார்கள். "இருங்கய்யா, ஏறுவாங்க" என்று அப்துல் சலாம் சத்தம் போட்டார். கை கொடுக்கவில்லை. ஆனால் இரண்டு கையையும் அவள் முதுகுக்குப் பின்னால் விரித்து வைத்திருந்தார்.

காவிரிப் பாலத்தில் பஸ் போனபோது ஆறு இரு கரையும் தொட்டு, செம்மண் நிறத்தில் ஓடிக்கொண்டிருந்தது. இந்தத் தண்ணீரைப் பார்த்து எத்தனை காலம் ஆயிற்று என்று நினைத்தாள். இருவரும் சேர்ந்து, ஒரு சாவுக்கோ கல்யாணத்துக்கோ இல்லாமல், சும்மா ஒரு இடத்துக்குப் போவதும் இதுதான் முதல் தடவை.

அந்தப் பக்கம் இறங்கி, கரையோரம் ஒரு அரசமரத்தடியில் உட்கார்ந்தார்கள். அப்துல் சலாம் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே பேசினார்.

"கடைவீதி பூரா என்னைப் பாத்து சிரிச்சாங்க, தெரியுமா? பக்கத்துக் கடை ஹனீஃபா, 'என்ன பாய், தலை வாரிவிட நேரமாச்சா'ன்னு தெனம் கேப்பான். எனக்கு அது உறைக்கவே இல்ல. ஆனா அன்னைக்குக் கிணத்தடியில உன்னைப் பாத்தப்போ, நீயும் மனசுக்குள்ள சிரிச்சிட்டுத்தானே உக்காந்திருந்திருப்பேன்னு தோணிச்சு."

"சத்தியமா இல்லீங்க. நான் பயந்துட்டு இருந்தேன்."

"எதுக்கு?"

"நீங்க பழையபடி ஆயிடுவீங்கன்னு."

அவர் அவளைத் திரும்பிப் பார்த்தார். "பழையபடின்னா எப்படி இருந்தேன்?"

அவள் துப்பட்டி நுனியை விரலில் சுற்றினாள். "எங்கம்மா மவுத்தானப்போ என்னை வண்டியில ஏத்தி அனுப்பிட்டுக் கடைக்குப் போனீங்க. நாப்பது முடிஞ்சு திரும்பி வந்தேன். சோறு வச்சேன். சாப்ட்டீங்க. எப்படி இருக்கேன்னு ஒரு வார்த்தை கேக்கல."

"கேட்டா நீ அழுவேன்னு பயந்தேன்."

"அழணும்னுதான் இருந்தேன்."

அப்துல் சலாம் முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டார். மழை தூற ஆரம்பித்தது. எழுந்து, சாலையோரம் இருந்த டீக்கடைத் தாழ்வாரத்தில் ஒதுங்கினார்கள். அவர் இரண்டு டீ சொல்லிவிட்டு பெஞ்சில் அவள் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"இப்ப சொல்லு" என்றார். "உங்கம்மா கடைசியில எப்படி இருந்தாங்க? என்ன பேசினாங்க?"

அவள் சொன்னாள். டீ ஆறியது. மழை விட்டது. டவுனுக்குப் போகிற பஸ்கள் ஒவ்வொன்றாக வந்து நின்று போயின. அவர் எழுந்திருக்கவில்லை.

அப்துல் சலாம் அப்புறம் அடியோடு மாறிவிட்டார் என்று சொல்ல முடியாது. சில நாட்களில் பழைய மௌனம் வந்து உட்கார்ந்துகொள்ளும். அப்போது அவள், "ஏங்க, இன்னைக்குக் கடைக்கு யார் வந்தா?" என்று தானே கேட்டுவிடுவாள். மத்தியானம் கடையை மூடுவதை மட்டும் அவர் கடைசிவரை விடவில்லை. அவள் வலது கால் நடக்கும்போது கொஞ்சம் இழுத்துக்கொண்டே இருந்தது. ஆற்றில் தண்ணீர் வந்தால் இருவரும் பஸ் ஏறி அந்தக் கரைக்குப் போய் வருவார்கள். ஒரு தடவை கொள்ளிடம்வரைகூடப் போனார்கள்.

அறுபத்திரண்டில் பேட்ரிசியாவின் அண்ணன் ஆஸ்திரேலியாவுக்குக் குடிபோகத் தீர்மானித்தான். பொன்மலையில் அப்போது பல குடும்பங்கள் அப்படிப் போய்க்கொண்டிருந்தன. அவளும் கிளம்பினாள். புறப்படுவதற்கு முன் ஷரபுன்னிசா அவளை வீட்டுக்கு அழைத்து, தன் கையால் பிரியாணி செய்து போட்டாள். அப்துல் சலாம் அவளுக்கென்று ஒரு பெட்டி செய்து, மூடியில் நீலப்பூ வரைந்து வைத்திருந்தார்.

சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது பேட்ரிசியா குரலைத் தாழ்த்தி, "ஏம்மா, அன்னைக்கு பஸ்ல போய்ட்டு வந்தீங்களே, அங்க என்னதான் பேசினீங்க?" என்று கேட்டாள்.

ஷரபுன்னிசாவின் முகம் சிவந்தது. "அதெல்லாம் எதுக்கு மிஸ்ஸி? இன்னும் ரெண்டு துண்டு கறி வச்சுக்கங்க. கப்பல்ல இதெல்லாம் யாரு போடுவா?" என்று கரண்டியை எடுத்தாள்.